பாழடைந்த வீடும் புது உரிமையாளரும்: எந்தப் படத்தைப் பார்ப்பது?

வெளிநாட்டு ஊர் ஒன்றில் ஓடு சரிந்து, காரை உதிர்ந்து கிடக்கிறது ஒரு பழைய வீடு. ஒருவர் அதை வாங்குகிறார், அல்லது சொத்தாக அவருக்கு வந்து சேர்கிறது. குழாயைத் திறந்தால் காற்றுதான் வருகிறது. ஊர் மொழி தெரியாது. கொத்தனார் வருகிறார், பக்கத்து வீட்டார் எட்டிப் பார்க்கிறார்கள், ஒருநாள் சமையலறையில் அடுப்பு எரிகிறது. படம் முடிவதற்குள் வீடும் நிமிர்ந்துவிடும், வாங்கியவரும் நிமிர்ந்துவிடுவார்.

இந்தக் கதை எனக்கு அலுப்பதே இல்லை. இடிந்த ஒன்றை மனிதக் கை எடுத்துக் கட்டுவதைப் பார்க்கும்போது கிடைக்கும் ஆறுதல் உண்மையானது. ஆனால் இந்த வகைப் படங்கள் எல்லாம் ஒரே தரமில்லை. பலவற்றில் வீடு என்பது வாங்கியவரின் மனக்காயத்துக்கு மருந்து, அவ்வளவுதான். அதனால் தேர்ந்தெடுக்க நான் ஒரு கேள்வியைக் கையில் வைத்திருக்கிறேன்: அந்த வீடு ஏன் பாழாயிற்று? அங்கே ஒரு குடும்பம் சமைத்தது, பிள்ளைகளை வளர்த்தது, பிறகு ஒருநாள் கதவைச் சாத்திவிட்டுப் போனது. அவர்கள் ஏன் போனார்கள் என்று தெரிந்த படத்தில் கொத்தனாருக்குப் பெயர் இருக்கும், அண்டை வீட்டாருக்குச் சொந்தக் கவலை இருக்கும். அது தெரியாத படத்தில் வெயிலும் திராட்சைக் கொடியும்தான் மிஞ்சும்.

இந்த வகையில் எல்லோரும் முதலில் சொல்வது ஆட்ரி வெல்ஸ் இயக்கிய ‘அண்டர் தி டஸ்கன் சன்’ (2003). மணமுறிவில் நொந்துபோன அமெரிக்க எழுத்தாளராக டயான் லேன் நடித்திருக்கிறார். இத்தாலியின் டஸ்கனிப் பகுதியில் கோர்த்தோனா என்ற மலையூருக்கு அருகே, சுற்றுலாப் பேருந்திலிருந்து இறங்கி ஒரு வீட்டை வாங்கிவிடுகிறார். பிரான்சஸ் மேயஸ் 1996இல் எழுதிய நினைவு நூல்தான் மூலம். அந்த நூலில் மேயஸ் தன் துணைவருடன் சேர்ந்து வீட்டை வாங்குகிறார். மணமுறிவும் தனிமையும் திரைக்காகச் சேர்த்தவை. நூலில் நிறைய இடத்தைப் பிடித்திருக்கும் சமையலும் தோட்ட வேலையும் படத்தில் குறைந்துவிட்டன. வீட்டு வேலை பிடித்தவர்கள் நூலையும் தேடிப் படிக்கலாம்.

படத்தை நான் பரிந்துரைப்பதற்குக் காரணம் அதன் வேலையாட்கள். சுவரை இடித்துக் கட்ட வருபவர்கள் போலந்துக்காரர்கள். அந்தக் கதை நடக்கும்போது போலந்து ஐரோப்பிய ஒன்றியத்தில் சேர்ந்திருக்கவில்லை, 2004இல்தான் சேர்ந்தது. அவர்களில் ஒருவர் சொந்த ஊரில் இலக்கியப் பேராசிரியராக இருந்தவர். இன்னொருவன் இளைஞன், உள்ளூர்ப் பெண்ணைக் காதலிக்கிறான். அவள் வீட்டார் மறுக்கும்போது அவனுக்கு உறவாக நிற்பது வீட்டுக்காரம்மாதான். அந்நியர் வாங்கிய வீட்டை இன்னொரு நாட்டு அந்நியர்கள் கட்டுகிறார்கள், அவர்கள் ஒருவருக்கொருவர் குடும்பமாகிறார்கள். இது வெறும் இனிப்பில்லை.

அந்தப் படத்தில் வரும் ஒரு கதை பலருக்கு நினைவிருக்கும். ஆல்ப்ஸ் மலையைக் கடக்க வல்ல ரயில் வருவதற்கு முன்பே, என்றாவது வரும் என்று நம்பித் தண்டவாளம் போட்டார்களாம். ஆஸ்திரியாவின் செம்மரிங் பாதை அது. 1848இல் வேலை தொடங்கி 1854இல் முடிந்தது. அந்த ஏற்றத்தை இழுக்க வல்ல இன்ஜினைக் கண்டுபிடிக்க, வேலை நடந்துகொண்டிருந்தபோதே 1851இல் ஒரு போட்டி வைத்தார்கள். கதையின் அடிப்படை உண்மைதான்.

என் கேள்விக்கு மட்டும் இந்தப் படம் பதில் சொல்வதில்லை. டஸ்கனியில் ஏன் அத்தனை காலி வீடுகள்? அங்கே பல நூற்றாண்டுகளாக வார சாகுபடி முறை இருந்தது. குடும்பம் குடும்பமாகப் பண்ணை வீட்டில் தங்கி உழுது, விளைச்சலில் ஏறக்குறையப் பாதியை நிலக்காரருக்கு அளந்தார்கள். இரண்டாம் உலகப் போருக்குப் பிறகு அந்தக் குடும்பங்கள் நகரத்துத் தொழிற்சாலைகளுக்குக் கிளம்பின. 1964இல் புதிய வார ஒப்பந்தங்களுக்குச் சட்டமே தடை போட்டது. வெளிநாட்டவர் பின்னாளில் ஆசையாக வாங்கிய கல் வீடுகளில் பல அப்படிக் காலியானவை. இதை மனத்தில் வைத்துக்கொண்டு படத்தைப் பாருங்கள். சாலையோர மாடத்தில் பூ வைத்துவிட்டுப் போகும் முதியவர் அப்போது வேறு மாதிரித் தெரிவார். அவராக வருபவர் இத்தாலியின் பெரிய இயக்குநர்களில் ஒருவரான மாரியோ மோனிச்செல்லி.

அதே டஸ்கனியில் எடுத்த இன்னொரு படம் ‘மேட் இன் இத்தாலி’ (2020). நடிகர் ஜேம்ஸ் டார்சி இயக்கிய முதல் படம். லண்டனில் இருக்கும் ஓவியரான அப்பாவும் அவரோடு ஒட்டாத மகனும், அம்மா இறந்தபின் கைவிட்ட வீட்டை விற்பதற்காகச் செப்பனிடப் போகிறார்கள். இங்கே வீடு பாழானதற்குக் காரணம் துக்கம், அது இவர்களுடைய துக்கமே. அப்பாவாக லியாம் நீசன், மகனாக அவருடைய சொந்த மகன் மிக்கேல் ரிச்சர்ட்சன். நீசனின் மனைவி நடாஷா ரிச்சர்ட்சன் 2009இல் பனிச்சறுக்கு விபத்தில் இறந்தவர். அது தெரிந்து பார்க்கும்போது அப்பாவும் மகனும் அம்மாவைப் பற்றிப் பேசும் காட்சியைத் தாங்குவது கடினம். மற்றபடி கதை சாதாரணம், ஊர்க்காரர்கள் பெயருக்கு வந்துபோகிறார்கள். அப்பாவோடு பேசிக் கொஞ்ச நாளாகியிருந்தால் இதைப் பாருங்கள், வேறு காரணம் வேண்டாம்.

பிரான்சின் புரோவான்சுக்குப் போக விரும்புகிறவர்களுக்கு ரிட்லி ஸ்காட்டின் ‘எ குட் இயர்’ (2006) இருக்கிறது. லண்டன் பங்குப் பத்திரச் சந்தையில் ஈவிரக்கமில்லாமல் சம்பாதிக்கும் ரசல் குரோவுக்கு, பெரியவர் ஒருவரின் திராட்சைப் பண்ணையும் மாளிகையும் வந்து சேர்கின்றன. பீட்டர் மேயலின் நாவல். மேயலும் ஸ்காட்டும் லண்டன் விளம்பரத் தொழில் காலத்து நண்பர்கள், இருவரும் அந்தப் பகுதியிலேயே வீடு வைத்திருந்தவர்கள். அதனாலேயே ஒளி அழகாக விழுகிறது. சிறுவயது நினைவுகளில் வரும் ஆல்பர்ட் ஃபின்னி நெஞ்சில் நிற்கிறார். ஆனால் பண்ணையை ஆண்டாண்டாகப் பார்த்துக்கொண்ட திராட்சைக்காரர் இங்கே வேடிக்கைப் பாத்திரமாகிவிட்டார். உடம்பு வணங்கிச் செய்யும் வேலையும் குறைவு. இந்த வரிசையில் நான் கடைசியில் வைப்பது இதைத்தான்.

அந்த மண்ணைப் பார்க்கத்தான் ஆசை என்றால், அதே புரோவான்சில் க்ளோத் பெரி எடுத்த ‘ழான் தே ஃப்ளோரெத்’ (1986) படத்தைப் பாருங்கள். வெளிநாட்டவர் கதையில்லை. நகரத்திலிருந்து வரும் பிரெஞ்சுக்காரர்தான், ஆனால் அந்தக் கிராமத்துக்கு அவர் அந்நியரே. தாய்வழி வந்த நிலத்தில் மனைவி, மகளோடு குடியேறி உழைக்கிறார். அவர் வருவதற்கு முன்பே பக்கத்து நிலத்துக்காரர்கள் அங்கிருந்த நீரூற்றைச் சிமென்டால் அடைத்து மறைத்துவிட்டார்கள், ஊரும் வாய் திறக்கவில்லை. அவர் தோளில் தண்ணீர் சுமந்து சுமந்து நடக்கும்போது பார்க்கிற நமக்கு மூச்சு முட்டும். வாய்க்கால் தகராறு பார்த்து வளர்ந்தவர்களுக்கு இதை விளக்கத் தேவையில்லை. கதை அதே ஆண்டு வந்த ‘மனோன் தே சூர்ஸ்’ என்ற இரண்டாம் பாகத்தில் முடிகிறது, சேர்த்தே பார்க்க வேண்டும்.

இந்தியாவில் நடக்கும் இரண்டு படங்கள் இந்த வகையில் முக்கியமானவை. ஒன்று எல்லோருக்கும் தெரிந்த ‘தி பெஸ்ட் எக்சாடிக் மேரிகோல்டு ஹோட்டல்’ (2011). ஜான் மேடன் இயக்கம். ஓய்வு பெற்ற ஆங்கிலேயர் சிலர் ஜெய்ப்பூரில் ஒரு சிதிலமான விடுதிக்கு வந்து சேர்கிறார்கள். மூல நாவலை எழுதிய டெபோரா மொகாக் கதையைப் பெங்களூரில் வைத்திருந்தார். படத்தில் நாம் பார்க்கும் கட்டடம் உதய்ப்பூர்ப் பக்கத்து ராவ்லா கெம்பூர். இங்கே வீட்டை நிமிர்த்தத் துடிப்பவன் உள்ளூர்ப் பையன் (தேவ் படேல்). அப்பா விட்டுப்போன கட்டடம், அண்ணன்மாருக்கும் பங்குண்டு, அவர்களுக்கோ இடித்துவிட வேண்டும். இந்தியாவைக் கிழவர்களுக்கு உற்சாக மருந்தாகக் காட்டும் பழக்கம் படத்தில் இருக்கிறது, ஆனாலும் இந்தப் பங்காளிச் சிக்கலைச் சரியாகப் பிடித்திருக்கிறார்கள். செட்டிநாட்டில் பூட்டிக் கிடக்கும் வீடுகளைப் பார்த்தவர்களுக்கு அது புரியும். பர்மா வியாபாரம் முடிந்துபோனது ஒரு காரணம். ஒரு வீட்டுக்குப் பல பங்காளிகள் இருப்பதால் விற்கவும் முடியாமல் பழுது பார்க்கவும் முடியாமல் நிற்பது இன்னொரு காரணம். தேக்குத் தூண்கள் கழற்றப்பட்டுக் காரைக்குடிப் பழம்பொருள் கடைகளுக்கு வந்ததும் அப்படித்தான். அங்கே கோத்தமங்கலத்தில் சாரதா விலாஸ் என்ற வீட்டைப் பிரெஞ்சுக் கட்டடக் கலைஞர்கள் இருவர் செப்பனிட்டு விடுதியாக நடத்துகிறார்கள். இந்த வகைக் கதை நம் ஊரிலும் நிஜமாக நடந்திருக்கிறது.

மேரிகோல்டில் என்னைப் பிடித்து நிறுத்துபவர் டாம் வில்கின்சன். இளமையில் வாழ்ந்த ஊருக்கு, தன்னால் அவமானப்பட்டதாக அவர் நினைக்கும் நண்பனைத் தேடி வரும் நீதிபதி. அம்மா அப்பாவோடு உட்கார்ந்து பார்க்க இந்த வரிசையில் இதைவிடப் பொருத்தமான படம் இல்லை.

இரண்டாவது படம், மைக்கேல் பவலும் எமெரிக் பிரஸ்பர்கரும் எடுத்த ‘பிளாக் நார்சிசஸ்’. 1947, இந்தியா விடுதலை அடைவதற்குச் சில மாதங்களுக்கு முன் வெளியானது. இதைப் பற்றிக் கொஞ்சம் நிறையவே சொல்ல வேண்டும். இமயமலைச் சரிவில், எப்போதும் காற்று அறையும் ஒரு பழைய அரண்மனை. ஒரு காலத்தில் அங்கே அரசரின் அந்தப்புரப் பெண்கள் இருந்தார்கள், சுவரெல்லாம் அவர்கள் காலத்து ஓவியங்கள். அதைப் பள்ளியும் மருந்தகமும் கொண்ட மடமாக மாற்ற ஆங்கிலேயக் கன்னியாஸ்திரீகள் வருகிறார்கள். இதே இடத்துக்கு முன்பு வந்த துறவிகள் சில மாதங்களில் போய்விட்டார்கள். குழாயையும் கதவையும் சரிசெய்யும் உள்ளூர் ஆங்கிலேய ஏஜென்ட், இவர்களும் மழைக்காலம் வரை தாங்கமாட்டார்கள் என்கிறார். வீடு அவர்களை ஏற்கவில்லை. காய்கறி போட வேண்டிய தோட்டக்காரச் சகோதரி பூச்செடி நட்டுவிடுகிறார். தலைவி மறந்துவிட்டதாக நினைத்த அயர்லாந்துக் காதல் திரும்பி வருகிறது. மருந்து கொடுத்தும் ஒரு குழந்தை இறந்துபோக, மலைவாசிகள் வருவதை நிறுத்திவிடுகிறார்கள்.

படம் முழுக்க இங்கிலாந்திலேயே எடுக்கப்பட்டது. நாம் காணும் இமயமலைச் சிகரங்கள் கண்ணாடியில் தீட்டிய ஓவியங்கள். ஒளிப்பதிவுக்கு ஜாக் கார்டிஃப், கலை இயக்கத்துக்கு ஆல்ஃபிரட் யுங்கே என இருவரும் ஆஸ்கர் வாங்கினார்கள். மூல நாவலாசிரியர் ரூமர் காடன் வங்காளத்து நாராயண்கஞ்சில் வளர்ந்தவர். ஒரு குறையை மறைக்கக் கூடாது: மலைப்பெண்ணாக ஆங்கில நடிகை ஜீன் சிம்மன்ஸ் முகத்தில் கறுப்புப் பூசி நடித்திருக்கிறார். முக்கிய வேடத்தில் இருக்கும் இந்தியர், மைசூர் சமஸ்தானத்து யானைப்பாகன் மகனான சாபு. அந்தக் குறையோடும் இது மகத்தான படம். எவ்வளவு நல்லெண்ணத்தோடு வந்தாலும், இன்னொருவரின் வீட்டை அதன் பழைய நினைவுகளை அழித்துவிட்டுத் தனதாக்க முடியாது என்பதை இவ்வளவு தெளிவாகச் சொன்ன படம் இந்த வகையில் வேறில்லை.

‘ஃபாலிங் இன் லவ்’ (2019) நியூசிலாந்தில் ஒரு விடுதியைப் போட்டியில் வெல்லும் அமெரிக்கப் பெண்ணின் கதை. களைத்த இரவில் பாதித் தூக்கத்தோடு பார்க்கலாம்.

கடைசியாக, ரொத்ரீகோ சொரொகோயென் இயக்கிய ‘அஸ் பெஸ்தாஸ்’ (2022). ஸ்பெயினின் வடமேற்கில் கலீசியா மலைக்கிராமம். நடுத்தர வயது பிரெஞ்சுத் தம்பதி அங்கே ரசாயனம் போடாமல் காய்கறி விளைவித்துச் சந்தையில் விற்கிறார்கள். இடிந்த வீடுகளையும் கூலி வாங்காமல் செப்பனிடுகிறார்கள், போனவர்கள் திரும்பி வரட்டும் என்று. பக்கத்து வீட்டு அண்ணன் தம்பிக்கு வேறு கனவு. மலையில் காற்றாலை வந்தால் கிடைக்கும் பணத்தை எடுத்துக்கொண்டு அந்த வறுமையைவிட்டுப் போக வேண்டும். பிரெஞ்சுக்காரர் எதிர்த்து வாக்களிக்கிறார். ஒருவருக்குச் சொர்க்கமாகத் தெரியும் மலை இன்னொருவருக்குப் பிறந்த நாள் முதல் சிறை. மதுக்கடையில் பிரெஞ்சுக்காரரோடு உட்கார்ந்து பேசும் நீண்ட காட்சியில் அண்ணன் தன் பக்கத்தைச் சொல்லும்போது, அவரை வில்லன் என்று ஒதுக்க எனக்கு மனம் வரவில்லை. அந்த ஊர் ஏன் காலியாகிறது என்பதை, போகத் துடிப்பவரின் வாயாலேயே சொல்ல வைத்த படம் இது. பின்பாதி மனைவியினுடையது. மரீனா ஃபொய்ஸ் அதில் நடித்திருப்பதைச் சொல்லிப் புரியவைக்க முடியாது.

படத்துக்கு ஸ்பெயினின் கோயா விருதுகள் ஒன்பது கிடைத்தன. சாந்தோயா என்ற கிராமத்தில் குடியேறிய டச்சுத் தம்பதிக்கு நிஜமாக நேர்ந்தது கதையின் வேர். அதைப் பற்றி ‘சாந்தோயா’ என்றே 2016இல் ஆவணப்படமும் வந்திருக்கிறது. முதலில் படத்தைப் பாருங்கள், பிறகு ஆவணப்படம். வரிசை மாறினால் முடிவு தெரிந்துபோகும். வன்முறை உண்டு, குழந்தைகளோடு வேண்டாம். இரண்டே கால் மணி நேரத்துக்கு மேல் ஓடும், ஒரே மூச்சில் பார்க்க நேரம் ஒதுக்குங்கள்.

மனம் சோர்ந்திருக்கும் வாரம் என்றால் ‘அண்டர் தி டஸ்கன் சன்’. வீட்டுப் பெரியவர்களோடு என்றால் ‘மேரிகோல்டு’. சினிமாவின் உச்சத்தைப் பார்க்க வேண்டும் என்றால் ‘பிளாக் நார்சிசஸ்’, கூடுமானவரை பெரிய திரையில். ஒரே ஒரு படத்துக்குத்தான் நேரம் இருக்கிறது என்பவர்களுக்கு என் பதில் ‘அஸ் பெஸ்தாஸ்’. வெளியூரில் பழைய வீடு வாங்கும் எண்ணம் உங்களுக்கே இருந்தால், பணம் கட்டுவதற்கு முன் அதைப் பாருங்கள், பிறகு அந்த ஊருக்குப் போய் முதலில் பக்கத்து வீட்டுக் கதவைத் தட்டிப் பேசுங்கள்.