கார்டிஃப் நகர மண்டபம் – ஒரு சிவில் மாணவனின் பார்வையில்

(மூன்றாம் ஆண்டு, சிவில்)



ஐந்தாம் செமஸ்டரில் எங்கள் வகுப்புக்கு ஒரு செமினார் வைத்தார்கள். ஆளுக்கு ஒரு வெளிநாட்டுப் பொதுக் கட்டடம். பெயர்களைச் சீட்டில் எழுதிக் குலுக்கிப் போட்டார்கள். பக்கத்து பெஞ்சுக்காரனுக்கு ஈஃபிள் டவர் விழுந்தது. எனக்கு விழுந்தது "சிட்டி ஹால், கார்டிஃப், வேல்ஸ்". வகுப்பே சிரித்தது. கார்டிஃப் எந்தத் திசையில் இருக்கிறது என்றுகூட அன்றைக்கு எனக்குத் தெரியாது. ஆனால் பத்து நாள் படித்த பிறகு ஈஃபிள் டவரைக் கொடுத்தாலும் மாற்றிக்கொள்ளும் மனசு இல்லை. ஏன் என்பதைத்தான் இங்கே எழுதுகிறேன்.

வேல்ஸ் என்பது பிரிட்டன் தீவின் மேற்குப் பக்கம் உள்ள நாடு. அவர்களுக்கென்று தனி மொழி உண்டு. அதன் தெற்குக் கடற்கரையில் இருப்பது கார்டிஃப். 1801 கணக்கெடுப்பில் இந்த ஊரின் மக்கள்தொகை எவ்வளவு தெரியுமா? 1,870 பேர்! எங்கள் ஊராட்சியிலேயே இதைவிட அதிகம் பேர் இருப்பார்கள். பிறகு பக்கத்துப் பள்ளத்தாக்குகளில் நிலக்கரி வெட்டி எடுக்க ஆரம்பித்தார்கள். அதைக் கப்பலேற்ற பியூட் பிரபு 1839-ல் ஒரு கப்பல் துறையைத் திறந்தார். ஊர் மளமளவென்று வளர்ந்தது. 1901-ல் மக்கள்தொகை 1,64,333.

ஆள் கூடினால் ஆபீஸ் கூடும். செயின்ட் மேரி தெருவில் இருந்த பழைய டவுன் ஹால் போதவில்லை. புதிய டவுன் ஹாலுக்கும் நீதிமன்றத்துக்கும் சேர்த்து 1897-ல் ஒரு டிசைன் போட்டி வைத்தார்கள். ஆல்ஃபிரெட் வாட்டர்ஹவுஸ் என்ற புகழ்பெற்ற கட்டடக் கலைஞர் நடுவர். கட்டுவதற்கு கேத்தேஸ் பார்க் என்ற 59 ஏக்கர் நிலத்தை 1898-ல் பியூட் குடும்பத்திடமிருந்து 1,61,000 பவுனுக்கு வாங்கினார்கள். சும்மா விற்கவில்லை. பொதுக் காரியம், கலை, கல்வி இவற்றுக்குத் தவிர வேறு எதற்கும் கட்டக் கூடாது, மர வரிசைகளை வெட்டக் கூடாது என்று நிபந்தனை போட்டுத்தான் விற்றார்கள். எஸ்டிமேட் படிப்பவர்கள் இன்னொன்றையும் கவனியுங்கள். அந்த இடத்தில் முதலில் எழும்பிய டவுன் ஹாலுக்கு ஆன செலவு சுமார் 1,30,000 பவுன்தான். நிலத்தின் விலையைவிடக் குறைவு!

போட்டியில் ஜெயித்தது லான்செஸ்டர், ஸ்டூவர்ட், ரிக்கார்ட்ஸ் என்ற மூவர் கூட்டணி. மூவரில் லான்செஸ்டருக்கு அப்போது வயது 34. ரிக்கார்ட்ஸுக்கு 25. அந்த ரிக்கார்ட்ஸ் மற்ற கட்டடக் கலைஞர்களின் ஆபீஸில் டிராஃப்ட்ஸ்மேனாக இருந்து வந்தவர். கையில் பென்சிலைக் கொடுத்தால் போதும் என்கிற ஆள். வளைவும் சிற்பமுமாக அந்தக் கட்டடம் நிற்பதற்கு அவர் கைதான் முக்கியக் காரணம். டிப்ளமா முடித்துவிட்டு டிராஃப்ட்ஸ்மேனாகத்தானே போகப் போகிறோம் என்று சலித்துக்கொள்ளும் நம்ம பசங்களுக்காக இதைக் கொஞ்சம் அழுத்திச் சொல்கிறேன். (ஸ்டூவர்ட் 1904-லேயே இறந்துவிட்டார். கட்டி முடித்ததை அவர் பார்க்கவில்லை.)

மெக்கானிக்கல் நண்பர்களுக்கும் இதில் ஒரு பங்கு இருக்கிறது. 'லான்செஸ்டர் டேம்பர்' என்று வைப்ரேஷன் பாடத்தில் வருமே, அதைக் கண்டுபிடித்து லான்செஸ்டர் கார் செய்தவர் இவருடைய கூடப் பிறந்த தம்பி. ஒரு வீட்டில் ஒருத்தர் சிவில், ஒருத்தர் மெக்கானிக்கல்!

இனி கட்டடத்துக்கு வருவோம். இதன் பாணியை எட்வர்டியன் பரோக் என்கிறார்கள். 1901 முதல் 1910 வரை ஆண்ட ஏழாம் எட்வர்ட் மன்னரின் பெயரால் வந்தது முதல் சொல். பரோக் என்பது பதினேழாம் நூற்றாண்டில் இத்தாலியில் ஓங்கியிருந்த பாணி. தூண், வளைவு, குவிமாடம், சிற்பம் எல்லாம் கனமாக, அசைவது போல இருக்கும். முகப்பின் நடுவில் கவுன்சில் கூடும் அறை. அதன் மேல் ஒரு குவிமாடம். குவிமாடத்தின் உச்சியில் வேல்ஸ் நாட்டின் சின்னமான டிராகன். அதைச் செய்தவர் ஃபேர் என்ற சிற்பி. 194 அடி உயர மணிக்கூண்டு அந்த நடுக்கோட்டில் இல்லை, மேற்குப் பக்கம் ஒதுங்கி நிற்கிறது. சிமெட்ரி, சிமெட்ரி என்று முதலாண்டில் இருந்து நம் தலையில் ஏற்றுகிறார்களே, இதைப் பார்த்தபோது எனக்கு முதலில் தப்பாகத்தான் பட்டது. சைட் பிளானைப் பார்த்த பிறகுதான் புரிந்தது. மேற்கே பக்கத்திலேயே நீதிமன்றம் இருக்கிறது. அதையும் இதே மூவர்தான் வடிவமைத்தார்கள். கூண்டு இரண்டு கட்டடங்களுக்கும் இடையிலான சாலையைப் பார்த்து நிற்கிறது. எலிவேஷனை மட்டும் பார்த்துக் குறை சொல்லக் கூடாது என்று அன்று கற்றுக்கொண்டேன்.

கல், போர்ட்லேண்ட் கல். இங்கிலாந்தின் தென்கரையில் போர்ட்லேண்ட் என்ற இடத்தில் வெட்டும் வெள்ளைச் சுண்ணாம்புக்கல். லண்டன் செயின்ட் பால் தேவாலயமும் இந்தக் கல்தான். (நம் மூட்டை சிமெண்டுக்கு போர்ட்லேண்ட் என்று பெயர் வந்ததும் இந்தக் கல்லின் நிறத்தைப் பார்த்துத்தான்.) மணிமணியான அமைப்பு உள்ளதால் எந்தப் பக்கம் உளி வைத்தாலும் செதுக்கலாம். மழை படும் இடம் கழுவி வெளுத்துக்கொண்டே இருக்கும், படாத இடத்தில் கரி படிந்து கறுக்கும்.

ஒரு நாள் ராத்திரி இதை எங்க அப்பாவுக்குச் சத்தமாகப் படித்துக் காட்டினேன். அப்பா கொத்தனார். எங்கள் வீட்டில் பத்தாம் வகுப்பைத் தாண்டியது நான்தான். பாணி, குவிமாடம் எல்லாவற்றையும் 'ம்' போட்டுக் கேட்டுக்கொண்டிருந்தவர், "இருநூறு அடிக்குக் கல்லை எப்படிடா ஏத்துனாங்க?" என்றார். அந்தக் கேள்வி எனக்குத் தோன்றவே இல்லை. திரும்பத் தேடினேன். டர்னர் அண்டு சன்ஸ் என்ற உள்ளூர் கான்ட்ராக்டர்கள் எட்டு மின்சார கிரேன்களை நிறுத்தியிருக்கிறார்கள். ஒவ்வொன்றும் 5 டன் தூக்கும். 24 குதிரைத்திறன் மோட்டார். முழுக்க மின்சாரத்தில் இயங்கிய உலகின் முதல் கட்டுமான சைட் இதுதான் என்று சொல்லப்படுகிறது. "எட்டு கிரேனா!" என்று அப்பா ரொம்ப நேரம் அதையே சொல்லிக்கொண்டிருந்தார். அப்புறம், "வேலை செஞ்சவங்க பேரு ஏதாச்சும் எழுதி வச்சிருக்காங்களா?" என்றார். எனக்குப் பதில் தெரியவில்லை.

என்னை அதிகம் யோசிக்க வைத்த விஷயம் வேறு. பிரிட்டனில் மக்கள்தொகை கூடினால் மட்டும் ஓர் ஊர் 'சிட்டி' ஆகிவிடாது. மன்னர் அந்தத் தகுதியைக் கொடுக்க வேண்டும். போட்டி வைத்தபோதும், கல் ஏறிக்கொண்டிருந்தபோதும் கார்டிஃப் வெறும் டவுன்தான். தகுதி கிடைத்தது 1905 அக்டோபரில். அப்போது கட்டடம் முடியும் தறுவாயில் இருந்தது. டவுன் ஹாலாக வரைந்தது, 1906 அக்டோபர் 25-ல் சிட்டி ஹாலாகத் திறக்கப்பட்டது. வேல்ஸின் தலைநகரம் என்று கார்டிஃபை அறிவித்ததோ 1955-ல். எனக்கு பாலிடெக்னிக்கில் சீட் கிடைக்குமா என்று தெரியாதபோதே, தான் வேலை பார்த்த சைட்டில் இருந்து ஒரு பழைய டிராயிங் போர்டைச் சைக்கிளில் கட்டிக்கொண்டு வந்தார் அப்பா. "மொதல்ல சீட்டு வரட்டும்" என்று அம்மா திட்டினாள். அந்த ஞாபகம்தான் எனக்கு வந்தது.

மாடியில் மார்பிள் ஹால் என்று ஒரு கூடம். இத்தாலியின் சியெனா பளிங்கில் தூண்கள். அங்கே வேல்ஸ் வீரர்கள் என்று பதினொரு பளிங்குச் சிலைகளை வைத்து, 1916-ல் லாயிட் ஜார்ஜ் திறந்தார். புனித டேவிட், ஓவைன் க்ளின்டூர், பைபிளை வெல்ஷ் மொழியில் தந்த வில்லியம் மார்கன் முதலியோர் இருக்கிறார்கள். செலவை ஏற்றவர் டி.ஏ.தாமஸ் என்ற நிலக்கரி முதலாளி. இவருடைய கம்பெனிச் சுரங்கங்களில்தான் 1910-ல் கூலிக்காகப் பெரிய வேலைநிறுத்தம் நடந்து, டோனிபாண்டி என்ற ஊரில் போலீசோடு மோதல் ஆனது. பதினொரு பேரில் சுரங்கத் தொழிலாளி ஒருவர்கூட இல்லை. ஊரை வளர்த்ததே அந்தக் கரிதான். இதை செமினாரில் சொல்லலாமா என்று யோசித்தேன். சொல்லிவிட்டேன்.

அந்தப் பதினொரு பேரில் ஒருவர் தாமஸ் பிக்டன். 1815-ல் வாட்டர்லூ போரில் இறந்த தளபதி. ஆனால் அதற்கு முன் டிரினிடாட் தீவில் கவர்னராக இருந்தபோது அடிமைகளைக் கொடுமைப்படுத்தியவர், ஒரு சிறுமியைச் சித்திரவதை செய்ய உத்தரவு போட்டவர். 2020 ஜூலையில் இந்தச் சிலை வேண்டாம் என்று கார்டிஃப் கவுன்சில் ஓட்டெடுத்து முடிவு செய்தது. சிலையைப் பெட்டி போல அடைத்து மறைத்தார்கள். நூறு வருஷம் நின்ற சிலை. கல்லில் வைத்தாலும் மறுபடி பேசி முடிவெடுக்கலாம் போலிருக்கிறது.

கடைசியாக ஒரு செய்தி. அந்த லான்செஸ்டர் நம் ஊருக்கும் வந்திருக்கிறார்! நகரமைப்பு ஆலோசனைக்காக 1915-16-ல் சென்னை மாகாண அரசு அவரை வரவழைத்தது. சென்னை நகரமைப்பைப் பற்றி அவர் எழுதிய புத்தகம் 1918-ல் வெளிவந்தது. ஜோத்பூரில் உள்ள உமைத் பவன் அரண்மனையும் அவர் டிசைன்தான்.

செமினாருக்காக முகப்பை 1:200 ஸ்கேலில் ஏ2 ஷீட்டில் வரைந்தேன். மணிக்கூண்டு மட்டும் சுமார் 295 மில்லிமீட்டர் வந்தது. அப்பா ஷீட்டைத் தரையில் விரித்துப் பார்த்துவிட்டு, கூண்டின் மேல் விரலை வைத்து, "இதுல சாரம் எங்கடா?" என்றார். முடிந்த கட்டடத்தின் எலிவேஷனில் சாரம் காட்டும் வழக்கம் இல்லை என்று சொன்னேன். இருந்தாலும் ஒரு ஓரத்தில் 2எச் பென்சிலால் லேசாக வரைந்தேன். சார் அதற்கு மார்க் குறைக்கவில்லை. ஷீட் எங்கள் டிபார்ட்மென்ட் நோட்டீஸ் போர்டில் ஒட்டியிருக்கிறது, விருப்பமுள்ளவர்கள் வந்து பார்க்கலாம்.