உப்புநீர் விளக்கு

எண்ணெய் வார்த்து ஏற்றும் விளக்கை எல்லா ஊராரும் அறிவர். வன்னி மக்களாகிய நாம் உப்புநீர் வார்த்து ஏற்றும் விளக்கொன்றையும் அறிவோம். வற்றாப்பளைக் கண்ணகை அம்மன் பொங்கலைக் காணாதார் நம் பழைய மாணவருள் மிகச் சிலரே. ஆயினும் அவ்விளக்கு நமக்கு உணர்த்தும் பொருள் யாது என்பதை நாம் ஆராய்ந்தோமல்லோம். அதனை ஈண்டுச் சிறிது நோக்குவோம்.

வைகாசிப் பூரணையை ஒட்டிய திங்கட்கிழமையிலே பொங்கல் நிகழும். அதற்கு ஒரு வாரம் முன்னர் முல்லைத்தீவுக் கடலிலே தீர்த்தம் எடுப்பர். அந்நீர் முள்ளியவளைக் காட்டா விநாயகர் கோவிலுக்குக் கொண்டுவரப்படும். அங்கே உப்புநீர் விளக்கு ஏற்றப்பெற்று ஒரு வாரம் எரியும். ஞாயிறன்று விநாயகருக்குப் பொங்கலிட்ட பின் மடைப்பண்டங்கள் வற்றாப்பளைக்கு எடுத்துச் செல்லப்படும்.

இவ்வழக்கிற்கு மூலமாயுள்ள கதையை நம் பாட்டிமார் சொல்லக் கேட்டுள்ளோம். மதுரையை எரித்த சினம் ஆறாத கண்ணகி இலங்கைக்கு வந்து, பத்தாவதாகத் தங்கிய இடம் பத்தாப்பளை. அதுவே வற்றாப்பளை என மருவிற்று என்பர். நந்திக்கடலோரத்திலே மாடு மேய்த்த சிறுவர்முன் அவள் மூதாட்டியாகத் தோன்றினாள். சிறுவர் அவளுக்குப் பொங்கிப் படைத்தனர். பொழுது சாய்ந்தது, விளக்கேற்ற எண்ணெய் இல்லை. கடல்நீரை அள்ளி வார்த்துத் திரியிடுமாறு மூதாட்டி பணித்தாள். விளக்கு எரிந்தது, அவள் மறைந்தாள்.

இங்கே நம் மாணவர் ஒரு வினா எழுப்புவர்: “ஐயா, கடல்நீர் எரியுமா?” வினாவைத் தடுத்தல் ஆசிரியர்க்கு அழகன்று. நீர் என்பது ஐதரசன் ஒட்சிசனோடு சேர்ந்து எரிந்து முடிந்த பொருள். அது மீண்டும் எரியாது. கடல்நீரிற் கரைந்துள்ள ஏறத்தாழ 3.5 வீத உப்பும் எரிபொருளன்று. இரசாயனம் கற்பிக்கும் இவ்வுண்மையை மறைக்க வேண்டுவதில்லை. அடியார் அதனை அம்மன் அற்புதம் என்பர். ஆய்வுகூடம் விடையளிக்கும் வினா ஒன்று. ஒரு சமூகம் எதன்பொருட்டு இவ்விளக்கைத் தலைமுறைதோறும் ஏற்றுகின்றது என்பது வேறொன்று. இரண்டையும் பிரித்தறிதலே கல்வி.

இரண்டாம் வினாவிற்கு விடை கதையிலேயே உளது. ஊரை எரித்த தீயும் சிறுவர் ஏற்றிய சுடரும் ஒருத்தியோடு தொடர்புடையன. நீதி மறுக்கப்பட்டபோது பேரழிவாய் மூண்ட நெருப்பு, பசித்தவளுக்கு அன்னம் இட்ட இடத்திலே சிறு விளக்காய் அடங்கிற்று. அவ்விளக்கிற்கு வேண்டிய பொருளும் தொலைவிலிருந்து வரவில்லை. காலடியிற் கிடந்த உவர்நீரே போதுமாயிற்று.

இக்கருத்தின் அருமையை நம் தலைமுறை பட்டறிந்தது. 2004 டிசெம்பர் 26ஆம் நாள் இதே கடல் பொங்கி முல்லைத்தீவுக் கரையை அழித்தது. 2009 மே மாதத்திலே, வைகாசி பிறந்த சில நாளில், இதே நந்திக்கடலோரத்திற் போர் முடிவுற்றது; உற்றாரை இழந்தோர் கணக்கிலர். முகாம்களிலிருந்து மீண்டோர் கையில் எண்ணெயும் இல்லை, திரியும் இல்லை எனலாம். எனினும் கூரையிழந்த வகுப்பறைகளிலே பாடம் மீண்டும் தொடங்கிற்று. உயிர்களைக் கொண்ட அக்கடலின் நீரை மக்கள் வெறுத்து ஒதுக்காது, இன்றும் வைகாசிதோறும் தீர்த்தமாக எடுக்கின்றனர்.

இலங்கை வேந்தன் கயவாகு கண்ணகியை வழிபட்ட செய்தியைச் சிலப்பதிகாரம் கூறும். சிங்கள மக்களும் அவளைப் பத்தினித் தெய்வமாகப் போற்றுவர். ஆதலின் இவ்விளக்கின் ஒளி ஓர் இனத்துக்கு மட்டும் உரியதன்று.

மாணவர்காள்! நூல் இல்லை, வசதி இல்லை எனச் சோர்வு தோன்றும்போது நந்திக்கடலோரச் சிறுவரை நினைமின். பழைய மாணவராகிய நாமோ, அவர்தம் விளக்கிற்குத் திரியாகவேனும் உதவக் கடமைப்பட்டுள்ளோம்.