உள்ளாட்சி மீது போட்ட வழக்கை வாபஸ் வாங்கும் முன்

வீட்டு வரியை ஏற்றிவிட்டார்கள், ஆக்கிரமிப்பு என்று நோட்டீஸ் ஒட்டிவிட்டார்கள் என்று மாநகராட்சி மீதோ ஊராட்சி மீதோ வழக்குப் போட்டிருப்பீர்கள். பிறகு சமரசப் பேச்சு வரும். “கேஸை வாபஸ் வாங்குங்கள், மற்றதை நாங்கள் பார்த்துக்கொள்கிறோம்” என்பார்கள். தாராளமாக வாங்கலாம். ஆனால் நீதிமன்றத்தின் அனுமதி பெறாமல் வாங்கினால், அதே பிரச்சினைக்காக மறுபடி வழக்குப் போட முடியாது.

1. வாக்குறுதியை எழுத்தில் வாங்குங்கள். வரியைக் குறைத்தால் திருத்திய உத்தரவு, நோட்டீஸைக் கைவிட்டால் ரத்து உத்தரவு, இரண்டும் ஆணையர் அல்லது உரிய அதிகாரியின் கையெழுத்தோடு கைக்கு வரட்டும். சிவில் வழக்கானால் அதைவிட நல்ல வழி உண்டு. இரு தரப்பும் கையெழுத்திட்ட சமரச மனுவைத் தாக்கல் செய்தால் அதன்படியே தீர்ப்பாணை கிடைக்கும். சொன்ன சொல் தவறினால் அந்த ஆணையை நிறைவேற்றித் தரக் கேட்கலாம்.

2. இடைக்காலத் தடையைக் கவனியுங்கள். வழக்கு முடிந்ததும் தடையும் முடிந்துவிடும். ரத்தாகாத நோட்டீஸுக்கு உடனே உயிர் வந்துவிடும். எனவே ரத்து உத்தரவு முதலில், வாபஸ் பிறகு.

3. அனுமதி கேட்டு மனுப் போடுங்கள். சிவில் வழக்குகளுக்கு உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 23ஆம் கட்டளை, 1ஆம் விதி பொருந்தும். வழக்கில் முறைக் குறைபாடு இருந்தாலோ போதிய வேறு காரணம் இருந்தாலோ, புது வழக்குப் போடும் உரிமையோடு வாபஸ் பெற நீதிமன்றம் அனுமதிக்கலாம். காரணத்தை மனுவில் தெளிவாக எழுதுங்கள். அனுமதி மறுக்கப்பட்டால் வழக்கைத் தொடர்ந்து நடத்துவதாக வக்கீலிடம் முன்பே சொல்லிவையுங்கள். வாதிகள் பலர் என்றால் மற்றவர்களின் சம்மதமும் வேண்டும்.

4. ரிட் மனுவிலும் இதே எச்சரிக்கை தேவை. புது மனுப் போடும் உரிமை பெறாமல் வாபஸ் வாங்கியவர் அதே காரணத்துக்காக உயர் நீதிமன்றத்தில் மீண்டும் ரிட் போட முடியாது என்று சர்குஜா டிரான்ஸ்போர்ட் வழக்கில் 1986இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. பொதுநல வழக்கு என்றால், மனுதாரர் நினைத்த மாத்திரத்தில் விலகிவிட முடியாது. முடிவு நீதிமன்றத்தின் கையில்.

5. உத்தரவைப் படித்துப் பாருங்கள். “வாபஸ் பெறப்பட்டதால் தள்ளுபடி” என்று மட்டும் இருந்தால் போதாது. புது வழக்குப் போடும் உரிமையும் எழுத்தில் இருக்க வேண்டும். விடுபட்டிருந்தால் உடனே வக்கீல் மூலம் திருத்தம் கேளுங்கள். செலவுத்தொகை விதித்திருக்கிறார்களா என்றும் பாருங்கள்.

6. காலக்கெடுவை மறக்காதீர்கள். உரிமை கிடைத்தாலும், முதல் வழக்கே போடாதது போலத்தான் காலக்கெடு கணக்கிடப்படும். வழக்கு நடந்த ஆண்டுகள் பொதுவாகக் கழிக்கப்படமாட்டா.

7. உத்தரவின் சான்றிட்ட நகல் வாங்கி, ஒரு பிரதியை உள்ளாட்சி அலுவலகத்தில் கொடுத்து ஒப்புகை பெறுங்கள். சிவில் வழக்கு சமரசத்தில் முடிந்திருந்தால் நீதிமன்றக் கட்டணத்தைத் திரும்பக் கேளுங்கள். நீதிமன்றத்துக்கு வெளியே பேசி முடித்தாலும் அது கிடைக்கும் என்று தமிழ்நாட்டு வழக்கொன்றில் 2021இல் உச்ச நீதிமன்றம் உறுதிசெய்துள்ளது.