கலைவாணர் சினிமாவுக்கு மட்டும் சொந்தமா?

கேள்வி: கலைவாணர் என்.எஸ்.கிருஷ்ணனை வெறும் சினிமா நகைச்சுவை நடிகர் என்று சொல்லிவிடலாமா?
– வாசகர், சிந்தாதிரிப்பேட்டை

பதில்: கூடவே கூடாது. 1908-ல் நாகர்கோவில் ஒழுகினசேரியில் பிறந்தவர். வில்லுப்பாட்டு, டி.கே.எஸ். சகோதரர்களின் நாடக மேடை என்று தேறித்தான் திரைக்கு வந்தார். லட்சுமிகாந்தன் கொலை வழக்கில் சிறை சென்று 1947-ல் விடுதலையான பிறகும் மவுசு குறையவில்லை.

'நல்லதம்பி'யில் (1949) அவர் நடத்தும் கிந்தனார் காலட்சேபத்தை அவசியம் பாருங்கள். பாகவதர்களின் கதாகாலட்சேப பாணி அப்படியே இருக்கும். ஆனால் நாயகன், படிப்பாசையில் பட்டணத்துக்கு ரயிலேறும் ஒடுக்கப்பட்ட சிறுவன். கல்வி அதிகாரியாகத் திரும்பி வருவான்! சாதியை இத்தனை சிரிப்போடு உலுக்கிய கலைஞர் நமக்கு வேறு யாருமில்லை.

1957-ல், 48 வயதில் மறைந்தார். உங்கள் பேட்டைக்குப் பக்கத்தில், வாலாஜா சாலையிலுள்ள அரசு அரங்கம் அவர் பெயரில்தான் இருக்கிறது.