உரிமையும் அனுமதியும்

உடையவர் மறைந்தபின் உடைமை யாரைச் சேரும் என்னும் வினா மிகப் பழையது. யாழ்ப்பாணத்து வழக்கங்களை ஒல்லாந்த அதிகாரியாகிய கிளாஸ் ஐசாக்ஸ் 1706ஆம் ஆண்டிலே தொகுத்தார். அத்தொகுப்பாகிய தேசவழமை, ஆங்கிலேயர் ஆட்சியில் 1806ஆம் ஆண்டின் 18ஆம் இலக்கப் பிரமாணத்தாற் சட்டவலி பெற்றது. அதிலே இவ்வினாவுக்குத் தலையாய இடம் உண்டு. முதுசம், சீதனம், தேடியதேட்டம் என்னும் சொற்கள் இன்றும் நம்மவர் நாவில் வழங்குகின்றன. ஆயினும் இம்மூன்றனுள் எதனுள்ளும் எளிதில் அடங்காத ஒன்று வணிகர் இல்லங்களிலே உண்டு. அதுவே வியாபார அனுமதிப்பத்திரம்.

மாணவர் கற்ற இலக்கணத்தைக் கொண்டே இதனை விளக்கலாம். ஆறாம் வேற்றுமை கிழமைப் பொருளை உணர்த்தும். அக்கிழமை தற்கிழமை, பிறிதின்கிழமை என இருவகைப்படும். 'கந்தனது கை' என்பது தற்கிழமை. கை கந்தனின் வேறாகாது. 'கந்தனது கடை' என்பது பிறிதின்கிழமை; கடை கந்தனை நீங்கியும் நிற்கும். இனி, 'கந்தனது அனுமதிப்பத்திரம்' என்பது எவ்வகை? சுவரிலே தொங்கும் தாளாதலின் பிறிதின்கிழமை போலத் தோன்றும். இலக்கணத்தில் அஃது அவ்வாறே ஆகுக. சட்டத்திலோ அது தற்கிழமையை ஒத்தது. இன்னார், இன்ன இடத்தில், இன்ன தொழிலைச் செய்யலாம் என்று அதிகாரமுடையோர் கொடுத்த இசைவே அது. இன்னார் என்பவர் இல்லாதொழியின் அவ்விசைவும் நிலைகொள்ளாது.

இஃது ஏன் எனின், ஒரு மருந்தகத்தை நோக்குக. தந்தையார் பதிவுபெற்ற மருந்தாளர். அலுமாரியும் மருந்தும் மைந்தர்க்கு இறங்கும், மருந்தறிவு இறங்குமோ? நோயாளியின் உயிர் அவ்வறிவைப் பற்றி நிற்பது. ஆதலின் தகுதியை ஒவ்வொருவரிடத்தும் புதிதாக ஆராய்தல் முறையேயாம்.

இவ்வேறுபாட்டை அறியாமையால் விளையும் துன்பத்தை யான் அண்மையிற் கண்டேன். என்னிடம் கற்ற மாணவர் ஒருவரின் தந்தையார் சாப்பாட்டுக்கடை நடத்தி வந்து திடீரென மறைந்தார். மூத்த மகனாகிய அம்மாணவர் படிப்பை நிறுத்திக் கடையில் அமர்ந்தார். ஈராண்டு தந்தையார் பெயரிலேயே கட்டணம் செலுத்தினார். மூன்றாம் ஆண்டில், "இப்பெயருடையவர் எங்கே?" என்று அலுவலகத்தில் வினவினர். பின்னர்த் தம் பெயரில் அனுமதி பெற்றார். பெற்றதும், கடை முழுவதும் தமக்கே உரியதாயிற்று என எண்ணினார். தம்பியும் தங்கையுமோ, தமையன் கடையைக் கவர்ந்துகொண்டார் என எண்ணினர். தாயார் இரு பக்கத்துக்கும் நடுவே நின்று கண்ணீர் வடித்தார். சட்டத்தரணி ஒருவர் உரிமை வேறு, அனுமதி வேறு என்று பிரித்துக் காட்டிய பின்னரே அவ்வீட்டிற் பேச்சு மீண்டது.

அவர் காட்டியது இது. தேசவழமைக்கு உட்பட்டோரின் சொத்துரிமையை 1911ஆம் ஆண்டின் 1ஆம் இலக்கக் கட்டளைச் சட்டமும், அதனை 1947இல் திருத்திய சட்டமும் வகுக்கின்றன. இறந்தவரது தேடியதேட்டம் மரணசாதனத்தால் வேறுவகையாகக் கொடுக்கப்படாதிருப்பின், அதிற் பாதி உயிரோடிருக்கும் வாழ்க்கைத் துணைக்கும், மறுபாதி உரித்தாளர்க்கும் சேரும். அவர் தேடிய கடைக்கட்டடம், சரக்கு, வரவேண்டிய கடன் யாவும் இவ்வாறு பிரியும். அனுமதியைத் தம் பெயரிற் பெற்ற மகன், அதனால் மட்டும் ஏனையோர் பங்குக்கு உடையவராகார். பங்குடையோரும், பங்கு உண்டு என்பதனால் மட்டும் தொழில் நடத்தும் அனுமதி உடையராகார்.

ஆகவே, குடும்பத் தலைவர் மறைந்தபோது செய்யத்தக்கன சில உள.

முதலாவது, மரண அத்தாட்சிப் பத்திரத்துடன் அனுமதி வழங்கிய அலுவலகத்துக்குச் சென்று நிகழ்ந்ததை அறிவித்தல். இறந்தவர் பெயரிற் கையொப்பமிடுதல் குற்றமாகும். அன்பினால் இடினும் குற்றமே.

இரண்டாவது, கடையை நடத்துவார் ஒருவரை யாவரும் கூடித் தெரிந்து, ஏனையோர் சம்மதத்தை எழுத்திற் பெற்று, அவர் பெயரிற் புதிய அனுமதிக்கு விண்ணப்பித்தல். அவ்வெழுத்திலே பங்குகள் குறைவுபடா என்பதும் இடம்பெறுதல் வேண்டும்.

மூன்றாவது, 1918ஆம் ஆண்டின் 6ஆம் இலக்கக் கட்டளைச் சட்டத்தோடு வந்த வியாபாரப் பெயர்ப் பதிவையும் மறவாது மாற்றுவித்தல். பெயர்ப்பதிவும் தொழில் அனுமதியும் ஒன்றல்ல.

நான்காவது, சொத்தின் பொருட்டு வேண்டுமாயின் மாவட்ட நீதிமன்றத்தில் மரணசாதன வழக்குத் தொடுத்தல்.

இவற்றினும் சிறந்தது வருமுன் காத்தல். பங்காளர் ஒருவர் இறப்பின், உடன்படிக்கை வேறு கூறாதவிடத்துப் பங்குவியாபாரம் கலையும் என்பது விதி. அதனை உணர்ந்து உடன்படிக்கையை முன்னரே எழுதுக. 2007ஆம் ஆண்டின் 7ஆம் இலக்கக் கம்பனிச் சட்டத்தின்படி அமைந்த கம்பனியோ, பங்குதாரர் இறப்பினும் இறவாது, பங்குகளே கைமாறும். சிறுகடை உடையோர்க்கு இவை மிகையாயின், மரணசாதனம் ஒன்று எழுதி, பத்திரங்கள் இருக்குமிடத்தை மனைவி மக்களுக்குச் சொல்லிவைத்தலேனும் வேண்டும்.

நம் பழைய மாணவருள் வணிகர் பலர். கணக்கேட்டை நாள்தோறும் திறப்போர், அனுமதிப்பத்திரத்தில் யார் பெயர் உள்ளது என்பதை இன்றே ஒருமுறை பார்ப்பாராக. தந்தையார் தேடியவற்றுட் கடை மக்களுக்கு இறங்கும். அதனை நடத்தும் தகுதியை மட்டும் ஒவ்வொரு தலைமுறையும் தானே தேடிக்கொள்ளல் வேண்டும். அத்தேட்டத்துக்கு வித்திடும் இடம் நம் கல்லூரி. விழாக்காணும் அஃது நீடு வாழ்க.