மூடாமல் காப்பவை

பானைக்கு மூடி உண்டு; தலையணைக்கு உறை உண்டு. இவை பொருளை ஒட்டியிருந்து காப்பவை. ஆனால் சன்னலை மூடிவிட்டால் வெயிலோடு காற்றும் வெளிச்சமும் நின்றுவிடுமே! எனவே, அடைக்காமல் மேலே கவிந்து நின்று காக்கும் மறைப்புகளும் நமக்குத் தேவை.

இவற்றிற்குத் தமிழில் தனிச் சொற்கள் உள்ளன. கவிந்திருப்பதால் குடைக்குக் 'கவிகை' என்று பெயர். ஓலைக் கூரை சுவரைத் தாண்டித் தாழும் விளிம்பு 'இறவாணம்'. கோயில்களில் வளைந்து இறங்கும் கல் விளிம்பு 'கொடுங்கை'. 'கொடு' என்றால் வளைவு. புதுக்கோட்டை மாவட்டத்து ஆவுடையார்கோயிலின் கொடுங்கைகளில் மரச்சட்டங்களைப் போலவே கல்லைச் செதுக்கியிருக்கிறார்கள். இக்காலக் கான்கிரீட் வீட்டில் சன்னலுக்கு மேல் நீண்டிருப்பதை 'சன்ஷேடு' என்கிறோம்.

இவை எவ்வாறு காக்கின்றன? சூரியன் சுவருக்கு நேர் எதிரே இருக்கும்போது,

நிழலின் நீளம் = சன்ஷேடின் நீட்டம் × டேன் (சூரியனின் ஏற்றக்கோணம்).

சென்னையின் அட்சரேகை சுமார் 13 டிகிரி. டிசம்பர் 21 அன்று நண்பகலில் சூரியன் தெற்கே 53.5 டிகிரி உயரத்தில் இருக்கும். 60 செ.மீ. நீண்ட சன்ஷேடு தெற்குச் சுவரில் சுமார் 81 செ.மீ. நிழல் தரும். மார்ச் 21ஐ ஒட்டி மாலை 4 மணிக்குச் சூரியன் ஏறத்தாழ மேற்குச் சுவருக்கு எதிரே, சுமார் 33 டிகிரி உயரத்தில் இருக்கும். அதே சன்ஷேடு அப்போது தரும் நிழல் சுமார் 39 செ.மீ. மட்டுமே! மாலை 5 மணிக்கு அதிலும் பாதியாகிவிடும். மேற்கு அறை ஏன் கொதிக்கிறது என்பது இப்போது புரிகிறதல்லவா? அங்கே சன்ஷேடு போதாது. தொங்கும் தட்டியோ, மரமோ வேண்டும்.

மழைக்கும் ஒரு சூட்சுமம் உண்டு. பரப்பு இழுவிசையினால் நீர், சன்ஷேடின் அடிப்பரப்பில் ஒட்டிக்கொண்டே ஓடிச் சுவரை நனைக்கும். விளிம்புக்கு அருகே அடிப்பக்கத்தில் ஒரு சிறு பள்ளக் கோடு இட்டால், நீர் அதைத் தாண்ட மேலேறிச் செல்ல வேண்டும். அது முடியாமல் அங்கேயே சொட்டிவிடும். கொடுங்கையின் கீழ்நோக்கி வளைந்த விளிம்பும் இவ்வாறே நீரைச் சுவருக்கு அப்பால் சொட்டவிடுகிறது.

செய்து பாருங்கள்: உங்கள் வகுப்பறையின் தெற்கு, மேற்குச் சன்னல்களின் சன்ஷேடுகளை அளந்து, மாலை 4 மணிக்கு எந்தச் சன்னலில் எவ்வளவு வெயில் விழுகிறது என்று குறித்து வாருங்கள். சாலைச் சந்திப்பில் சிக்னல் விளக்கு ஒவ்வொன்றின் மேலும் ஒரு தொப்பி இருப்பதைப் பார்த்திருப்பீர்கள். அது எதைத் தடுக்கிறது? சிந்தித்துப் பாருங்கள்!