நடந்து பொரிக்கும் முட்டை

பறவை தன் முட்டையைத் தழுவிப் பொரிக்கும். மீன் பார்த்துப் பொரிக்கும். ஆமை நினைந்து பொரிக்கும் என்பது நம் முன்னோர் வழங்கிவந்த கொள்கை. ஆசிரியன் மாணாக்கனுக்கு அருள்செய்யும் வகைகளுக்கு இம்மூன்றையும் உவமையாக எடுத்தாளும் வழக்குச் சைவநூல்களிற் பயின்றுவருவது. மணலில் முட்டையிட்டுவிட்டுக் கடலுக்கு மீண்ட ஆமை அதனை நினைத்திருக்குமோ, மறந்திருக்குமோ என்னும் ஐயத்தை உயிர்நூல் பயிலும் நண்பர்பால் விடுத்து, நாம் மேற்செல்வோம். இம்மூன்றனுள் அடங்காத நான்காவது முறையொன்று 2016ஆம் ஆண்டில் உலகெங்கும் பரவியது. அம்முறையில் முட்டையைப் பொரிப்பது கால். முட்டையொன்றைக் கைப்பேசியில் வைத்துக்கொண்டு குறித்த தொலைவு நடந்தால், ஓடு வெடித்துச் சிற்றுயிர் ஒன்று திரையில் தோன்றும். போக்கிமான் கோ என்னும் விளையாட்டின் உறுப்பாகிய இதனைக் குறித்து ஈண்டுச் சிறிது ஆராய்வோம். மாலைவேளையில் கைப்பேசியை ஏந்தியவண்ணம் மைதானத்தைச் சுற்றிவரும் மாணவரைக் கண்டிருப்போர்க்கு இப்பொருள் முற்றிலும் புதியதன்று.

போக்கிமான் 1996ஆம் ஆண்டு ஜப்பானில் கேம் பாய் என்னும் கையடக்கக் கருவிக்கென வெளிவந்தது. அதனை வகுத்த சதோஷி தஜிரி என்பார் இளமையில் பூச்சி பிடித்துச் சேர்ப்பதில் பெருவிருப்புடையவர். அவ்விருப்பமே உயிர்களைப் பிடித்துச் சேர்க்கும் இவ்விளையாட்டிற்கு வித்தாயிற்று. முதல் விளையாட்டில் முட்டை இல்லை. 1999ஆம் ஆண்டு வெளிவந்த கோல்டு, சில்வர் என்னும் இரண்டிலேதான் அது முதன்முதல் இடம்பெற்றது. ஆண்டும் அதனைப் பொரிக்க நடக்கவே வேண்டும். ஆயினும் அந்நடை பெருவிரலின் நடை. 256 அடி ஒரு சுற்று எனக் கொண்டு, இன்ன உயிருக்கு இத்தனை சுற்று என வரையறுத்திருந்தனர். மேஜிகார்ப் என்னும் எளிய மீனுக்கு 5 சுற்று, அஃதாவது 1280 அடி போதும். இதனைக் கட்டிலிற் படுத்தபடியே ஒருவன் நடந்து முடித்துவிடலாம்!

உண்மையான காலடியை எண்ணும் எண்ணமும் அந்நாட்டில் புதியதன்று. 1965ஆம் ஆண்டிலேயே யமாசா என்னும் நிறுவனம் இடுப்பிற் செருகிக்கொள்ளும் அடியெண்ணி ஒன்றை விற்றது. 'பத்தாயிரம் அடி அளவி' என்பது அதன் பெயரின் பொருள். நாளொன்றுக்குப் பத்தாயிரம் அடி நடக்கவேண்டும் என்று இன்று பலரும் சொல்லுவது பெரும்பாலும் அப்பெயரின் வழிவந்ததே. 1998ஆம் ஆண்டில் பிக்காச்சு உருவைத் தாங்கிய அடியெண்ணி வந்தது. 2009ஆம் ஆண்டில் போக்கிவாக்கர் வந்தது. இவ்விரண்டு மரபும் நியாண்டிக் நிறுவனத்தார் 2016ஆம் ஆண்டு ஜூலைத் திங்களில் வெளியிட்ட போக்கிமான் கோவில் ஒன்றாயின. இந்தியாவில் அவ்வாண்டு டிசம்பரில் ஜியோ நிறுவனத்தின் துணையோடு அது முறைப்படி வெளியாயிற்று.

இனி முட்டை கிடைக்கும் வகையைக் காண்போம். ஊரிலுள்ள சிலை, கோபுரம், தேவாலயம், பூங்கா முதலியன விளையாட்டின் வரைபடத்தில் போக்கிஸ்டாப் என்னும் நிலையங்களாகக் குறிக்கப்பட்டுள்ளன. அருகே சென்று அதன் வட்டைச் சுழற்றினால் சில பண்டங்களும், சிலபோது ஒரு முட்டையும் கிடைக்கும். 2, 5, 10 கிலோமீட்டர் முட்டைகள் இவ்வாறு வருவன. நண்பர் விடுக்கும் பரிசினின்று 7 கிலோமீட்டர் முட்டை 2018ஆம் ஆண்டு முதலும், ராக்கெட் கூட்டத் தலைவரை வென்று பெறும் 12 கிலோமீட்டர் முட்டை 2020ஆம் ஆண்டு முதலும் வழங்குகின்றன. பையில் தொடக்கத்தில் 9 முட்டைக்கே இடம். இடம் வெற்றாயிருப்பின் முட்டை தானே வந்து புகும். வேண்டாத முட்டையை எறிந்துவிட நெடுங்காலம் வழியில்லாதிருந்தது. ஆதலின் சிறந்த முட்டைக்குக் காத்திருப்போர், அற்ப முட்டையால் இடம் நிரம்பிவிடாதபடி நிலையங்களுக்கு அஞ்சி ஒதுங்கி நடந்ததும் உண்டு.

முட்டை பையிற் கிடந்தால் பொரியாது. இன்குபேட்டர் என்னும் அடைகாக்கும் கருவியில் அதனை இடவேண்டும். விளையாடுவார் ஒவ்வொருவர்க்கும் என்றும் தேயாத கருவி ஒன்று விலையின்றி அளிக்கப்படுகின்றது. ஏனையவை மும்முறை பொரித்தபின் உடைந்துபோவன. சூப்பர் இன்குபேட்டர் என்பதில் இட்டால் தொலைவு மூன்றில் இரண்டு பங்காகக் குறையும். 10 கிலோமீட்டர் ஏறத்தாழ 6.7 ஆகும்.

நிற்க. நடந்த தொலைவை இவ்விளையாட்டு எங்ஙனம் அறிகின்றது? சுவைமிக்க பகுதி இதுவே. ஜி.பி.எஸ். செயற்கைக்கோள்களின் துணையால் கைப்பேசி தான் இருக்கும் இடத்தைச் சிறிது நேரத்திற்கு ஒருமுறை குறித்துக்கொள்ளும். அடுத்தடுத்த இரு குறிகளுக்கிடையே உள்ள நேர்த்தொலைவே நடந்த தொலைவாகக் கொள்ளப்படும். கணிதம் பயில்வார் இதன் விளைவை உடனே உணர்வர். வளைந்து நடப்பவனுக்கு வில்லின் நீளம் கிட்டாது. நாணின் நீளமே கிட்டும். சிறிய வட்டத்தைப் பலமுறை சுற்றுவோன் ஏமாறுவான். நேர்சாலையில் நடப்போன் முழுக்கூலி பெறுவான். மணிக்கு ஏறத்தாழ 10 கிலோமீட்டருக்கு மேல் விரைந்தால் அத்தொலைவு கணக்கிற் சேராது. ஊர்தியில் அமர்ந்து முட்டை பொரிப்பதைத் தடுத்தற்கே இவ்விதி. ஆயினும் நெரிசலிற் சிக்கி ஊர்ந்துசெல்லும் பேருந்து, நடப்பவன் விரைவையே உடையதாதலின், விதியை மீறாமலே முட்டையைப் பொரித்துவிடும். நகரத்து நெரிசலால் விளையும் நன்மை வேறு எதையும் நாம் அறியோம்.

மற்றொரு விந்தையும் உண்டு. தடித்த சுவர்களுக்குள்ளே செயற்கைக்கோளின் குறிப்புத் தெளிவாக எட்டாது. அங்கே கிடக்கும் கைப்பேசி, தான் அங்குமிங்கும் அலைவதாக மயங்கும். மேசைமேல் வைத்த கைப்பேசி உரியவன் உறங்கும்போது நடைபயின்ற கதை இதனால் நிகழ்ந்தது. 2018ஆம் ஆண்டு நவம்பர் வரை விளையாட்டைத் திரையில் திறந்து வைத்திருந்தாலன்றித் தொலைவு பெரும்பாலும் எண்ணப்படவில்லை. அதன்பின் அட்வென்ச்சர் சிங்க் என்னும் ஏற்பாடு வந்தது. கைப்பேசி தன்னியல்பாக எண்ணும் காலடிக் கணக்கை அது வாங்கிக்கொள்வதால், திரை அணைந்திருப்பினும் முட்டை வளரும். உடனே மக்கள் கைப்பேசியை ஆட்டும் ஊசற்கருவிகளைச் செய்துகொண்டனர். விளையாட்டுத் தொடர்வண்டியில் ஏற்றியவரும், மின்விசிறியிற் கட்டியவரும் உளர். நடந்து பொரித்தலை மீண்டும் இருந்து பொரித்தலாக்கிய இவரைக் கோழியின் பழைய மரபிற்கு மீண்டவர் என்று கூறுதல் பொருந்தும்போலும். கோழிக்கு 21 நாட்பொறுமை வேண்டும். இவர்க்கு அதுவும் வேண்டியதில்லை.

இத்துணைப் பாடும் எதன்பொருட்டு? முட்டைக்குள் இருப்பதன்பொருட்டு. இங்கேதான் நாம் ஊன்றி நோக்கவேண்டிய செய்தி உளது. ஒரு முட்டையிலிருந்து இன்ன உயிர் வரும் என்பது, நடந்து முடிக்கும்போது உறுதிசெய்யப்படுவதன்று. முட்டை கைக்கு வந்த அக்கணமே முடிவாகிவிடுகின்றது. பத்துக் கிலோமீட்டர் நடப்பினும், நூறு கிலோமீட்டர் நடப்பினும் உள்ளிருப்பது மாறாது. கால் ஓட்டை உடைக்க வல்லதேயன்றி உள்ளிருப்பதைத் திருத்த வல்லதன்று. உள்ளே இருக்கக்கூடியவை யாவை என்பதையும் பல்லாண்டு நிறுவனத்தார் வெளியிட்டாரல்லர். சில்ஃப் ரோடு என்னும் அன்பர்குழுவினர், பலர் பொரித்த முட்டைகளைத் தொகுத்தெண்ணி அவ்வீதத்தைத் தாமே மதிப்பிட்டு வந்தனர். 2021ஆம் ஆண்டிலேதான் முட்டையைத் தொட்டால் அதனின்று வரக்கூடிய உயிர்களின் பட்டியல் தோன்றலாயிற்று. அதிலும் எண்ணால் வீதம் கூறாது, முட்டைக் குறிகளின் எண்ணிக்கையாலேயே அருமை காட்டப்பட்டது. குறி மிகுதியாயின் உயிர் அரிது என்று கொள்க.

பொரிந்த உயிரின் தரத்திலும் இந்நற்பேறே ஆள்கின்றது. தாக்குதல், காத்தல், உரன் என்னும் மூன்றிற்கும் 0 முதல் 15 வரை மதிப்பு உண்டு. முட்டையினின்று வருவதற்கு எதுவும் 10-க்குக் குறையாது. ஆகவே ஒவ்வொன்றிற்கும் இயலக்கூடிய மதிப்பு ஆறு; மூன்றும் 15 ஆக அமைவது 216-இல் ஒன்று. வெளியில் பிடிக்கும் உயிருக்கு அது 4096-இல் ஒன்றே. முட்டைக்கு இவ்வளவு மேன்மை உளதெனினும் 215 முட்டை குறையுடையனவே.

இந்நிலையில் பணம் நுழைகின்றது. மும்முறை உழைக்கும் இன்குபேட்டரின் விலை 150 நாணயம். ஜிம் என்னும் களங்களைக் காத்து அந்நாணயத்தை ஈட்டலாம். 10 நிமிடத்திற்கு ஒன்றாக, நாளொன்றுக்கு 50-க்கு மேற்படாமல். எட்டு மணியும் இருபது நிமிடமும் காத்தால் 50 ஆகும். மூன்று நாட் காவலுக்கு ஒரு கருவி. பொறாதவர் உண்மைப் பணம் கொடுத்து வாங்குவர். பல கருவிகளில் பல முட்டைகளை ஒருங்கே இடலாம். ஒருவன் நடக்கும் ஒரே கிலோமீட்டர் அவை அனைத்திற்கும் சேரும். ஒரு கருவி உடையவன் பத்துக் கிலோமீட்டரில் ஒரு முட்டை பொரிப்பான். ஒன்பது உடையவன் அதே பத்தில் ஒன்பது பொரிப்பான். இருவர் கால்களும் நடந்தது ஒன்றே. அவ்வாறாயின் பணம் வாங்கியது நடையை அன்று. எட்டுத் திருவுளச்சீட்டுகளையே வாங்கியது. நடையால் உடல் நலமுறும் என்று கூறி இச்செலவிற்கு நியாயம் தேடுவார் இக்கணக்கை ஒருமுறை எழுதிப் பார்ப்பாராக. உள்ளிருப்பது தெரியாத பெட்டிக்குப் பணம் பெறுவதைப் பெல்ஜிய நாட்டுச் சூதாட்ட ஆணையத்தார் 2018ஆம் ஆண்டில் சூதென்றே துணிந்தனர். அவர் ஆராய்ந்தவை வேறு விளையாட்டுகள். ஆயினும் வினா இதற்கும் ஒக்கும்.

நடை என்னும் நலந்தான் எத்துணை? 2016ஆம் ஆண்டு இருவேறு ஆய்வுகள் வெளிவந்தன. ஆழ்ந்து ஈடுபட்டோரை ஒருதிங்கள் நோக்கிய ஆய்வு, அவர் நாளொன்றுக்கு 1473 அடி மிகுதியாக நடந்ததாகக் கண்டது. பிரிட்டிஷ் மருத்துவ இதழில் வந்த மற்றொன்று, அமெரிக்க இளைஞரை நோக்கியது. முதல் வாரத்தில் 955 அடி மிகுந்து, பின்னர்ப் படிப்படியாய்க் குறைந்து, ஆறாம் வாரத்தில் பழைய நிலைக்கே மீண்டதாகக் கூறிற்று. இரண்டும் முரணின என்று நமக்குத் தோன்றவில்லை. ஈடுபாடு உள்ளளவும் கால் நடக்கின்றது. ஈடுபாடு எல்லார்க்கும் ஆறு வாரம் நிலைப்பதில்லை. முட்டை அவ்வீடுபாட்டை நீட்டிக்கும் சூழ்ச்சி என்றே கொள்ளலாம். பாதி நடந்த முட்டையை விட்டுவிட மனம் ஒருப்படாதன்றோ? 2020ஆம் ஆண்டு மார்ச்சில் தொற்றுநோயால் மக்கள் வீட்டினுள் அடைபட்டபோது, பாதித் தொலைவிலேயே முட்டை பொரியுமாறு நிறுவனத்தார் மாற்றினர். அது தக்க செயலே. ஆயினும் பத்து என்னும் எண் இயற்கையின் விதியன்று, ஓர் அலுவலகத்தார் திருத்தக்கூடிய எண்ணே என்பதும் அன்று வெளிப்பட்டது. அவ்வலுவலகமும் கைமாறியது, 2025ஆம் ஆண்டில் விளையாட்டு ஸ்கோப்லி என்னும் நிறுவனத்தார்க்கு விற்கப்பட்டது.

பணமின்றி ஆடும் மாணவனுக்கு உரிய கணக்கைக் கூறுவோம். விடுதிக்கும் வகுப்பிற்கும் கடைத்தெருவிற்குமாக நாள்தோறும் 4 கிலோமீட்டர் நடப்பவன் வாரத்தில் 28 நடக்கின்றான். தேயாத கருவி ஒன்றே கொண்டு அவன் பத்துக் கிலோமீட்டர் முட்டை இரண்டும், இரண்டு கிலோமீட்டர் முட்டை நான்கும் பொரிக்கலாம். 25 கிலோமீட்டரைக் கடந்ததற்கு வாரப்பரிசும் பெறுவான். ஈட்டிய நாணயத்தில் ஒரு கருவி வாங்கினானாயின் குறுந்தொலைவு முட்டையைத் தேயாததிலும், நெடுந்தொலைவு முட்டையைத் தேய்வதிலும் இடுக. மும்முறையில் உடையும் கருவி, 2 கிலோமீட்டர் முட்டைக்கு 6 கிலோமீட்டரிலும், 10 கிலோமீட்டர் முட்டைக்கு 30 கிலோமீட்டரிலும் உடையும் என்பதே காரணம்.

பொரிந்த உயிரின் பக்கத்தில் அம்முட்டை கிடைத்த ஊரின் பெயர் எழுதப்பட்டிருக்கும். விடுமுறையில் தன் ஊர்ச் சிலையடியில் பெற்ற முட்டையை ஒருவன் கல்லூரிச் சாலையில் நடந்து பொரித்தாலும், அது அவன் ஊர்ப்பெயரையே தாங்கி வெளிவரும். அதற்கு நாணயம் கேட்பாரில்லை.